அயர்லாந்து தன் மொழியை இழந்தது எப்படி?

அயர்லாந்தின் பெரும்பகுதி 1922-இலேயே ஆங்கிலேய ஆட்சியிலிருந்து விடுபட்டது. 1937-ஆம் ஆண்டு அரசியலமைப்பு ஐரிஷ் மொழியையே முதல் ஆட்சிமொழியாக அறிவித்தது. அப்படியிருந்தும் அங்குள்ள மக்கள் வீட்டிலும் வெளியிலும் ஏன் ஆங்கிலமே பேசுகிறார்கள், ஆங்கிலேயர் சட்டம் போட்டுத் தடுத்ததுதான் காரணமா, சுதந்திரத்துக்குப் பின்னும் ஏன் மொழியை மீட்க முடியவில்லை என்று கேட்டிருக்கிறீர்கள். தடைச் சட்டங்கள் இருந்தது உண்மை. ஆனால் அவற்றுள் மிகக் கடுமையானவை பிறந்த நூற்றாண்டுகளில் ஐரிஷ் மொழி தளராமல் நின்றது. பெரிய புதிய தடை எதுவும் வராத பத்தொன்பதாம் நூற்றாண்டில்தான் அது சரிந்தது. ஆகவே மொழிச் சட்டங்களை மட்டும் படித்தால் விடை கிடைக்காது. நிலம் யாரிடமிருந்து யாருக்குக் கைமாறியது, அதனால் எந்தெந்த வர்க்கங்கள் அழிந்தன, எஞ்சியவர்களுக்குப் பிழைக்க என்னென்ன வழிகள் மிஞ்சின என்பவற்றைப் பார்த்தால்தான் மொழியின் கதை விளங்கும்.

1169-இல் இங்கிலாந்தை ஆண்ட நார்மன் வர்க்கத்துப் பிரபுக்களின் படைகள் அயர்லாந்தில் இறங்கின. இரண்டே ஆண்டுகளில் இங்கிலாந்து மன்னர் இரண்டாம் ஹென்றி நேரில் வந்து தன் மேலாண்மையை நிறுவினார். ஆனால் வந்து குடியேறிய பிரபுக்களின் வாரிசுகள் இருநூறு ஆண்டுகளில் ஐரிஷ் மக்களோடு பெண் கொடுத்துப் பெண் எடுத்து, தம் பிள்ளைகளை ஐரிஷ் குடும்பங்களில் வளர்க்க விட்டு, ஐரிஷ் மொழியே பேசி, ஐரிஷ் புலவர்களைப் போற்றும் புரவலர்களாகவே மாறிவிட்டார்கள். இதைக் கண்டு அஞ்சித்தான் 1366-இல் கில்கென்னிச் சட்டங்கள் இயற்றப்பட்டன. ஆங்கிலக் குடியேறிகள் ஐரிஷ் மொழி பேசக்கூடாது, ஐரிஷ் முறையில் பெயர் சூட்டிக்கொள்ளக் கூடாது, மண உறவு கூடாது, ஐரிஷ் சட்டத்தின்படி வழக்குத் தீர்க்கக் கூடாது என்றெல்லாம் அவை விதித்தன. அச்சட்டங்கள் எழுதப்பட்டதோ பிரெஞ்சில். அன்றைய ஆளும் வர்க்கத்தின் ஆவண மொழி அதுவாகவே இருந்தது. டப்ளினைச் சுற்றியிருந்த சிறு வட்டாரத்துக்கு வெளியே இந்த விதிகளுக்குப் பெரிய பயன் ஏற்படவில்லை. எட்டாம் ஹென்றியை அயர்லாந்தின் மன்னராக்கும் சட்டம் 1541-இல் டப்ளின் நாடாளுமன்றத்தில் முன்வைக்கப்பட்டபோது, கூடியிருந்த பிரபுக்களில் பலருக்குப் புரியவேண்டும் என்பதற்காக அதை ஓர்மண்ட் பிரபு ஐரிஷ் மொழியில் விளக்க வேண்டியிருந்தது. ஆங்கில ஆட்சி தொடங்கி முந்நூற்றெழுபது ஆண்டுகள் கடந்த பின்னும் நிலைமை அதுதான்.

இந்த உறுதிக்குக் காரணம், மொழியைத் தாங்கி நின்ற ஒரு முழுச் சமூக அமைப்பு. ஐரிஷ் சமூகத்தில் நிலம் தனியொருவருடைய சொத்தாக மட்டும் இருக்கவில்லை. குலத்தின் உரிமை அதில் பின்னிக்கிடந்தது. பிரெகன் எனப்பட்ட நீதிமான்கள் ஐரிஷ் மொழியில் எழுதப்பட்ட பழஞ்சட்டங்களைக் கொண்டு வழக்குத் தீர்த்தார்கள். மருத்துவம், வரலாறு, கவிதை ஆகிய ஒவ்வொன்றும் குறிப்பிட்ட குடும்பங்களின் பரம்பரைத் தொழிலாக இருந்தது. அவர்களுக்குத் தலைவர்கள் மானிய நிலம் கொடுத்தார்கள். புலவர் பள்ளிகளில் மாணவர்கள் சாளரமற்ற இருட்டறையில் கட்டிலில் படுத்தபடி மனத்துக்குள்ளேயே செய்யுள் கட்டுவார்கள். அதன் பிறகே விளக்குக் கொண்டுவரப்பட்டு அது எழுத்தில் ஏறும். பல ஆண்டுப் பயிற்சிக்குப் பின் வெளிவரும் புலவருக்குத் தலைவரின் அவையில் மிக உயர்ந்த இருக்கை கிடைத்தது. அயர்லாந்து, ஸ்காட்லாந்தின் மேற்கு ஆகிய இரு பகுதிகளுக்கும் பொதுவான ஒரு செந்தர இலக்கிய நடையை இவர்கள் நான்கு நூற்றாண்டுகள் கட்டிக்காத்தார்கள். நீதி, கல்வி, கௌரவம் எல்லாம் ஒரே மொழியில் இருந்த அந்த அமைப்பைப் பேச்சுத் தடையால் அசைக்க முடியாது. அதன் அடியில் இருந்த நிலத்தைப் பிடுங்கினால் அசைத்துவிடலாம்.

அதுதான் அடுத்த நூறாண்டில் நடந்தது. முதலாம் எலிசபெத் காலத்தில் தெற்கு மாகாணமான மன்ஸ்டரில் பெருநிலங்கள் பறிக்கப்பட்டு ஆங்கிலேயர் குடியமர்த்தப்பட்டார்கள். 1601-இல் கின்சேல் போரில் வடக்கு மாகாணமான அல்ஸ்டரின் ஐரிஷ் தலைவர்கள் ஆங்கிலேயரிடம் தோற்றார்கள். 1606-இலும் 1608-இலும் வந்த தீர்ப்புகள் ஐரிஷ் வாரிசு முறைகளைச் செல்லாதவை என்று தள்ளின. இந்தத் தீர்ப்புகளைப் பற்றி வரலாற்று நூல்கள் ஓரிரு வரியோடு நிறுத்திக்கொள்வது சரியல்ல என்பது என் எண்ணம். ஒரு மக்களின் சொத்துரிமை முழுவதையும் வாள் தொடாமல், நீதிமன்றத்தின் வழியாகவே அந்நியச் சட்டத்துக்குள் தள்ளிய செயல் அது. 1607-இல் அல்ஸ்டர் பிரபுக்கள் குடும்பத்தோடு கப்பலேறி ஐரோப்பாவுக்குப் போய்விட்டார்கள். அவர்கள் விட்டுச்சென்ற ஆறு மாவட்டங்களும் பறிமுதலாகி, ஸ்காட்லாந்திலிருந்தும் இங்கிலாந்திலிருந்தும் வந்த புராட்டஸ்டன்ட் குடியேறிகளுக்குப் பங்கிடப்பட்டன. லண்டன் வணிகச் சங்கங்கள் பணம் போட்ட டெரி நகரம் 1613-இல் லண்டன்டெரி ஆனது. கத்தோலிக்கராகவே நீடித்த ஐரிஷ் மக்களிடையே 1641-இல் கிளர்ச்சி வெடித்தது. 1649-இல் வந்திறங்கிய ஆங்கில நாடாளுமன்றத் தளபதி கிராம்வெலின் படை ட்ரோஹெடாவிலும் வெக்ஸ்ஃபோர்டிலும் படுகொலை நிகழ்த்தியது. 1652 சட்டத்தின்படி கத்தோலிக்க நிலவுடைமையாளர்கள் ஷானன் ஆற்றுக்கு மேற்கே, வளங்குன்றிய கொனாக்ட் பகுதிக்குத் துரத்தப்பட்டார்கள். வில்லியம் பெட்டி என்பவர் நாட்டின் பெரும்பகுதியை அளந்து வரைபடமாக்கினார். படைவீரர்களுக்குச் சம்பள பாக்கிக்கு ஈடாகவும் முதலீட்டாளர்களுக்குக் கடனுக்கு ஈடாகவும் நிலம் பிரித்துக் கொடுப்பதே அந்த அளவையின் நோக்கம். 1641-இல் நாட்டு நிலத்தில் ஏறத்தாழ 60 விழுக்காடு கத்தோலிக்கர் கையில் இருந்தது. 1703-இல் அது 14 விழுக்காடு. அறுபதே ஆண்டுகளில் ஒரு நாட்டின் நிலவுடைமை இவ்வளவு முழுமையாகக் கைமாறியதற்கு ஐரோப்பிய வரலாற்றில் ஒப்பானவை மிகக் குறைவு.

புரவலர் போனதும் புலவர் பள்ளிகள் மூடின. பிரெகன்களுக்கு வேலையில்லாமல் போனது. பதினேழாம் நூற்றாண்டின் இறுதியில் ஐரிஷ் மொழியைப் பேசியவர்களில் மிகப் பெரும்பாலோர் குத்தகை விவசாயிகளும் கூலிகளும்தான். எண்ணிக்கையில் அவர்கள் பெரும்பான்மை. ஆனால் அந்த மொழியில் அரசு இல்லை, நீதிமன்றம் இல்லை, அச்சு இருந்தும் இல்லாததுபோலத்தான். ஐரிஷ் மொழியில் புதிய ஏற்பாடு 1602-இலும் பழைய ஏற்பாடு 1685-இலும்தான் அச்சேறின. அவற்றை வெளியிட்டதும் மக்கள் ஏற்காத புராட்டஸ்டன்ட் திருச்சபை. வேல்ஸ் நாட்டை இங்கே ஒப்பிட்டுப் பார்ப்பது பயன் தரும். அதுவும் இங்கிலாந்தின் பிடியில்தான் இருந்தது. ஆனால் 1588-லேயே முழு விவிலியமும் வேல்ஷ் மொழியில் வந்துவிட்டது. மக்களின் மதமும் அதே சீர்திருத்தத் திருச்சபை வழியில் சென்றது. அதனால் ஞாயிறுதோறும் வேல்ஷ் மொழியை வாசிக்கவும் கேட்கவும் அம்மக்களுக்கு ஓர் இடம் இருந்தது. ஐரிஷ் கத்தோலிக்கருக்கு வழிபாட்டு மொழி லத்தீன், அரசு மொழி ஆங்கிலம். தாய்மொழிக்கு எழுத்து வாழ்வே இல்லாமல் போனது.

1690-இல் பாய்ன் ஆற்றங்கரையில், அரியணை இழந்த கத்தோலிக்க மன்னர் இரண்டாம் ஜேம்ஸ் தோற்ற பிறகு, 1695 முதல் தண்டனைச் சட்டங்கள் எனப்படுபவை ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. கத்தோலிக்கர் நிலம் வாங்கக்கூடாது, 31 ஆண்டுக்கு மேல் குத்தகை பெறக்கூடாது, பள்ளி நடத்தக்கூடாது, பிள்ளைகளை வெளிநாட்டுக்குப் படிக்க அனுப்பக்கூடாது, ஒருவர் இறந்தால் நிலம் எல்லா மகன்களுக்கும் துண்டாக வேண்டும், மூத்தவன் மதம் மாறினால் முழுவதும் அவனுக்கே. கத்தோலிக்கரின் வாக்குரிமையும் 1728-இல் பறிபோனது. 1737-ஆம் ஆண்டுச் சட்டம் நீதிமன்ற நடவடிக்கை அனைத்தும் ஆங்கிலத்திலேயே நடக்கவேண்டும் என்றது. இந்தக் காலத்தில்தான் வேலியோரத்திலும் மாட்டுக் கொட்டிலிலும் ஓலைக்குடிசையிலும் மறைவுப் பள்ளிகள் நடந்தன. ஐரிஷ் தேசிய நினைவில் இவற்றுக்குப் பெரும் மரியாதை உண்டு. அது தகுதியான மரியாதையே. ஆனாலும் ஓர் உண்மையைச் சொல்ல வேண்டும்: காசு கொடுத்துப் பிள்ளையை அங்கே அனுப்பிய பெற்றோர் பெரும்பாலும் கேட்டது ஆங்கிலமும் கணக்கும்தான். குத்தகைப் பத்திரம், சந்தை விலை, நீதிமன்ற அழைப்பாணை எல்லாம் ஆங்கிலத்தில் இருந்தபோது வேறெதைக் கேட்பார்கள்?

பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கத்தோலிக்கரின் சொந்த நிறுவனங்களும் ஆங்கிலத்தின் பக்கம் சாய்ந்துவிட்டன. 1795-இல் அரசு உதவியோடு தொடங்கிய மேனூத் குருமடம் ஆங்கிலம் பேசும் குருக்களை உருவாக்கியது. 1829-இல் கத்தோலிக்கருக்கு நாடாளுமன்ற உரிமை பெற்றுத் தந்த டேனியல் ஓகானல், கெர்ரி மாவட்டத்தில் ஐரிஷ் பேசி வளர்ந்தவர். ஆனாலும் நடைமுறை வாழ்வுக்கு ஆங்கிலமே மேல், ஐரிஷ் மெல்ல வழக்கொழிவதில் தமக்கு வருத்தமில்லை என்று கருதியவர். 1831-இல் தொடங்கிய தேசியப் பள்ளிகளில் கல்வி முழுக்க ஆங்கிலத்திலேயே நடந்தது. வீட்டில் ஒரு ஆங்கிலச் சொல்லும் கேட்டிராத குழந்தைக்கு, ஐரிஷ் தெரியாத ஆசிரியர் ஆங்கிலத்தில் எழுத்தறிவிக்க முயன்ற காட்சியை மேற்கு மாவட்டங்களில் எங்கும் காண முடிந்தது.

அந்தக் காலத்தின் மிகக் கொடிய அடையாளம் கணக்குக் குச்சி. குழந்தையின் கழுத்தில் கயிற்றில் ஒரு சிறு மரக்குச்சியைத் தொங்கவிடுவார்கள். குழந்தை ஐரிஷ் சொல் பேசும் ஒவ்வொரு முறையும் குச்சியில் கத்தியால் ஒரு கீறல் போடப்படும்; பிறகு கீறல்களை எண்ணிப் பள்ளியில் அடி விழும். நெஞ்சை உறுத்தும் செய்தி என்னவென்றால், பல ஊர்களில் அந்தக் கீறலைப் போட்டது குழந்தையின் தாய் தந்தையர். தங்களுக்கே ஆங்கிலம் சரியாக வராத நிலையில், ஆசிரியரோடு உடன்பட்டு, மாலையில் வீட்டிலும் குழந்தையின் வாயைக் கண்காணித்தார்கள். இந்தக் குச்சியை எந்தச் சட்டமும் கட்டாயமாக்கவில்லை. இதை வைத்து, “ஐரிஷ் மக்கள் தாங்களாகவே மொழியைக் கைவிட்டார்கள்” என்று வாதிடுவோர் உண்டு. அந்த வாதத்தை நான் ஏற்கவில்லை. தன் மொழியோடு பிள்ளை வாழ ஒரு பிடி நிலமும் ஒரு வேலையும் அந்த நாட்டில் இருந்து, அதன்பிறகும் ஆங்கிலத்தைத் தேர்ந்தெடுத்திருந்தால் அதைத் தேர்வு என்று சொல்லலாம். அவர்கள் முன் இருந்தவை ஆங்கிலமும் பட்டினியும்தான்.

பட்டினி உவமையாகச் சொன்னதல்ல. துண்டு துண்டாகச் சிதறிய குத்தகை நிலத்தில் ஒரு குடும்பம் ஆண்டு முழுவதும் உண்ணக்கூடிய விளைச்சல் தரும் ஒரே பயிர் உருளைக்கிழங்கு. தானியமும் கால்நடையும் வாடகைக்குப் போய்விடும். 1845-இல் பூஞ்சையை ஒத்த ஒரு நோய் கிழங்கைத் தாக்கியது. மறு ஆண்டு விளைச்சல் ஏறக்குறைய முழுவதும் அழுகியது. தானியமும் மாடுகளும் நாட்டைவிட்டு ஏற்றுமதியாகிக்கொண்டிருந்தன. 1847 கோடையில் கஞ்சித் தொட்டிகள் உச்சநிலையில் நாளொன்றுக்கு 30 லட்சம் பேர் வரை உணவளித்தன. அந்த ஏற்பாடு வேலை செய்கிறது என்று தெரிந்த பின்னும் சில மாதங்களிலேயே மூடப்பட்டது. கால் ஏக்கருக்கு மேல் நிலம் வைத்திருப்பவருக்கு நிவாரணம் இல்லை என்று புது விதி வந்ததால், கஞ்சிக்காக மக்கள் நிலத்தை விட்டுக்கொடுத்தார்கள். லண்டன் கருவூலத்திலிருந்து இந்த நிவாரணத்தை இயக்கியவர் சார்ல்ஸ் டிரெவெல்யன். பஞ்சத்தைக் கடவுளின் செயலாகக் கண்டு எழுதியவர். 1830-களில் கல்கத்தாவில் மெக்காலேயோடு நின்று ஆங்கிலக் கல்விக்காக வாதாடியவரும், 1859-இல் சென்னை மாகாண ஆளுநராக வந்தவரும் இவர்தான். உள்ளூர் மொழி, உள்ளூர் விவசாயி, சந்தை விதி ஆகியவற்றைப் பற்றிய ஒரே மனப்பாங்கு ஒரு பேரரசின் இரு கோடிகளிலும் செயல்பட்டதை இந்த ஒருவரின் பணிவாழ்வில் காணலாம்.

பஞ்சத்தில் ஏறத்தாழ 10 லட்சம் பேர் இறந்தார்கள். அதைவிட அதிகமானோர் நாட்டைவிட்டு வெளியேறினார்கள். 1841-இல் 81.75 லட்சமாக இருந்த மக்கள்தொகை 1851-இல் 65.5 லட்சமானது. இறந்தவர்களும் போனவர்களும் நாடெங்கும் சமமாகப் பரவியிருக்கவில்லை. மேற்கிலும் தெற்கிலும் வாழ்ந்த ஏழைக் குடியானவர்கள், அதாவது ஐரிஷ் பேசியவர்களே மிகுதி. பஞ்சத்துக்கு முன் அம்மொழியைப் பேசியோர் 35 முதல் 40 லட்சம் வரை இருக்கலாம் என்பது ஆய்வாளர்களின் மதிப்பீடு. மொழி பற்றிக் கேட்ட முதல் கணக்கெடுப்பான 1851-இல் பதிவானது 15.24 லட்சம். ஐரிஷ் மட்டுமே தெரிந்தவர்கள் அதில் 3.2 லட்சம் பேர். 1891-இல் மொத்தமே ஏறத்தாழ 6.8 லட்சம். பஞ்சத்துக்குப் பின் வெளியேற்றம் நிற்கவில்லை. ஒவ்வொரு குடும்பத்திலும் ஓரிருவர் பாஸ்டனுக்கோ நியூயார்க்குக்கோ லிவர்பூலுக்கோ போவது வாழ்க்கை முறையானது. புறப்படும் நாளுக்கு முந்தைய இரவில் ஊரார் கூடி, சாவு வீட்டில் விழித்திருப்பதுபோல் விடிய விடிய விழித்திருந்து, பாடி, ஒப்பாரி வைத்து அனுப்புவார்கள். அதற்கு அமெரிக்க இழவு என்றே பெயர். திரும்பி வரப்போவதில்லை என்பது இரு தரப்புக்கும் தெரியும். போகிறவனுக்குத் தாய் கொடுத்தனுப்பக்கூடிய சீதனம் ஆங்கிலம் ஒன்றுதான். கணக்குக் குச்சியை அந்தத் தாய் ஏன் ஏற்றாள் என்பதற்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டியதில்லை.

இதே நூற்றாண்டில் பெயர்களும் மாறின. 1824-இல் தொடங்கிய நில அளவைத் துறை, ஒரு மைலுக்கு ஆறங்குலம் என்ற அளவில் தீவு முழுவதையும் வரைந்தது. ஊர்ப்பெயர்களைத் திரட்டிய ஜான் ஓடனவன் சிறந்த ஐரிஷ் அறிஞர்; முதியவர்களிடம் கேட்டு மூல வடிவத்தைக் குறித்துவைத்தார். அந்தக் குறிப்பேடுகள் இன்று பெரும் செல்வம். ஆனால் வரைபடத்தில் ஏறியது ஆங்கிலக் காதுக்கு ஏற்ற ஒலிவடிவம். ஆற்றையும் குன்றையும் கோயிலையும் சொன்ன பெயர்கள், வாழ்ந்தவர்களுக்கே பொருள் தெரியாத ஓசைகளாயின. குடும்பப் பெயர்களில் ‘ஓ’, ‘மாக்’ என்ற முன்னொட்டுகள் உதிர்ந்தன. சிலர் கொல்லன் மகன் என்று பொருள்படும் பெயரை ஸ்மித் என்று மாற்றிக்கொண்டார்கள்.

அழிந்துவரும் மொழி தன்னை விழுங்கிய மொழியிலும் தடம் பதித்தது. ஐரிஷ் மக்கள் பேசும் ஆங்கிலத்தின் இலக்கணத்துக்கு அடியில் ஐரிஷ் இருக்கிறது. இப்போதுதான் சாப்பிட்டு முடித்தேன் என்பதற்கு அவர்கள் “ஐ ஆம் ஆஃப்டர் ஈட்டிங்” என்பார்கள்; ஐரிஷ் வினைத்தொடரின் நேர் வார்ப்பு அது. ஐரிஷில் ஆம், இல்லை என்பதற்குத் தனிச்சொற்கள் இல்லை. வினையைத் திருப்பிச் சொல்லியே விடையளிப்பார்கள். அந்தப் பழக்கம் அவர்களுடைய ஆங்கிலத்திலும் கேட்கும். ஒருவரையும் பலரையும் வேறுபடுத்த ‘யூ’, ‘யீ’ என்ற இரு வடிவங்களை வைத்துக்கொண்டதற்கும் தாய்மொழியின் துணை உண்டு.

சமூகத்தின் பிற மாற்றங்களைச் சுருக்கமாகச் சொல்லலாம். 1879-இல் தோன்றிய நிலச் சங்கம் வாடகைக் கொடுமைக்கு எதிராகக் குத்தகையாளர்களைத் திரட்டியது. மேயோ மாவட்டத்தில் 1880-இல் ஊரே ஒதுக்கிவைத்த பண்ணை முகவர் பாய்காட்டின் பெயரால்தான் இன்று உலகம் புறக்கணிப்பைச் சொல்கிறது. 1903 சட்டத்துக்குப் பின் குத்தகையாளர்கள் பெருமளவில் நிலத்தை விலைக்கு வாங்கினார்கள். பறிபோன நிலம் மீண்டது. மீட்டவர்கள் அதற்குள் ஆங்கிலம் பேசுபவர்களாகிவிட்டார்கள். அல்ஸ்டர் குடியேற்றம் விட்டுச்சென்ற மதப் பிளவு 1921-இல் நாட்டையே இரண்டாகப் பிரித்தது.

1893-இல் டக்ளஸ் ஹைட், ஓயின் மெக்நீல் முதலானோர் ஐரிஷ் மொழியை மீட்பதற்காகக் கேலிக் சங்கத்தைத் தொடங்கினார்கள். ஹைட் ஒரு புராட்டஸ்டன்ட் பாதிரியாரின் மகன். மொழி எல்லோருக்கும் பொது என்பதில் உறுதியாக இருந்தவர், பின்னாளில் நாட்டின் முதல் குடியரசுத் தலைவர். நூற்றுக்கணக்கான கிளைகளில் மாலை வகுப்புகள் நடந்தன. ஆங்கிலம் மட்டுமே தெரிந்த எழுத்தர்களும் ஆசிரியர்களும் பாட்டன் பேசிய மொழியைப் புத்தகம் வைத்துப் படித்தார்கள். ஆங்கிலேய ஆட்சிக்கு எதிரான 1916 எழுச்சியின் தலைவர்களில் பலர் இந்தச் சங்கத்தில் உருவானவர்கள்.

அதனால் புதிய அரசு 1922-இல் மொழி மீட்பைத் தன் கடமையாகவே எடுத்துக்கொண்டது. ஆனால் சுமை முழுவதையும் பள்ளியின் தலையில் வைத்தது. எல்லாக் குழந்தைகளுக்கும் ஐரிஷ் கட்டாயம். பள்ளி இறுதித் தேர்வில் ஐரிஷில் தோற்றால் தேர்வே தோல்வி என்ற விதி 1973 வரை நீடித்தது. அதே வேளையில் மொழி உயிரோடிருந்த மேற்குக் கடலோர ஊர்களில், கேல்டக்ட் என்று அரசே எல்லை வகுத்த பகுதிகளில், தொழிலும் வேலையும் இல்லை. அங்கிருந்த இளைஞர்கள் முன்புபோலவே இங்கிலாந்துக்கும் அமெரிக்காவுக்கும் கப்பலேறினார்கள். நிலமும் பிழைப்பும்தான் மொழியைச் சாய்த்தன என்ற பாடத்தை அரசு கற்கவில்லை என்பதே என் கணிப்பு. பாடப்புத்தகத்தால் அதை நிமிர்த்திவிடலாம் என்று நம்பியது. கேல்டக்ட் மக்களே 1969-இல் உரிமை இயக்கம் தொடங்கிப் போராடிய பிறகுதான் 1972-இல் அவர்களுக்கென வானொலியும், 1980-இல் தொழில் வளர்ச்சிக்கான வட்டார ஆணையமும் கிடைத்தன. தொலைக்காட்சிக்கு 1996 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

இன்றைய நிலையை 2022 கணக்கெடுப்பு காட்டுகிறது. தனக்கு ஐரிஷ் தெரியும் என்றவர்கள் 18.74 லட்சம், அதாவது பத்தில் நால்வர். பள்ளிக்கு வெளியே அன்றாடம் பேசுவோர் 71,968 பேர். அவர்களில் கேல்டக்டில் வசிப்பவர்கள் இருபதாயிரத்துச் சொச்சம். நகரங்களில் ஐரிஷ் வழிப் பள்ளிகளுக்கு இடம் கேட்டுப் பெற்றோர் வரிசையில் நிற்கிறார்கள். வட அயர்லாந்தின் தலைநகர் பெல்ஃபாஸ்டில் ஒரு தலைமுறையே ஐரிஷைத் தானாக விரும்பிக் கற்றிருக்கிறது. 1737-ஆம் ஆண்டு நீதிமன்ற மொழிச் சட்டம் வட அயர்லாந்தில் நீடித்துவந்தது. அதை நீக்கவும் ஐரிஷுக்கு அங்கீகாரம் அளிக்கவும் 2022-இல்தான் சட்டம் வந்தது. ஆனால் ஐரிஷைத் தொட்டிலிலிருந்து பேசும் கேல்டக்ட் ஊர்களில் வீடுகள் விடுமுறை இல்லங்களாக விலைபோகின்றன. அங்கே பிறந்து வளர்ந்த இளம் தம்பதியருக்கு ஊரில் வீடு கட்ட மனை கிடைப்பதில்லை. டப்ளின் அரசு இன்று அவசரமாகச் செய்ய வேண்டிய மொழிப்பணி எது என்று கேட்டால், அந்தத் தம்பதியருக்கு அந்த ஊரிலேயே மனையும் வேலையும் கிடைக்கச் செய்வது என்றுதான் சொல்வேன்.